சுவர் இல்லாத ஹாலில் ஐந்து வருடம்

விடிவதற்கு முன் எழுந்தேன். பால் பாக்கெட்டை வெட்டிப் பாத்திரத்தில் ஊற்றினேன். பொங்குவதற்குள் அடுப்பை அணைத்தேன். குழாயில் தண்ணீர் வரும் நேரம் என்பதால் வாளிகளை நிரப்பினேன். பாப்பாவை எழுப்பிப் பல் தேய்த்துவிட்டேன். குளிப்பாட்டினேன். தலை வாரினேன். வலது பின்னல் நேராக வந்தது. இடது பின்னல் வரவில்லை. அவிழ்த்து மறுபடி பின்னினேன். அப்போதும் வரவில்லை. ரிப்பனைக் கட்டி மறைத்தேன்.

அத்தை ரொட்டியில் ஜாம் தடவிக் கொடுத்தார். அத்தை என் மனைவியின் அம்மா. மகள் போன பிறகு எங்களோடு இருக்கிறார். டிவியில் யாரோ நான்கு பேர் ஒரே நேரத்தில் பேசிக்கொண்டிருந்தார்கள். பாப்பா டிவியைப் பார்த்து முஷ்டியை மூடிக் காட்டினாள். எங்கள் வீட்டில் அதற்கு ‘நிறுத்து’ என்று பொருள். டிவிக்கு அது தெரியவில்லை. நான் எழுந்துபோய் அணைத்தேன்.

ஸ்கூல் பஸ் வந்தது. ஏற்றிவிட்டேன். கை காட்டினாள். கை காட்டினேன். திரும்பி வந்து, முந்தின நாள் வந்த கடிதத்தை மறுபடி எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

கல்வித் துறையின் மண்டல அலுவலகத்திலிருந்து வந்திருந்தது. நான்கே வரி. என் மனைவி அரசுப் பள்ளியில் சேர்வதற்கு முன் உதவி பெறும் பள்ளி ஒன்றில் மூன்றாம் வகுப்பு ஆசிரியையாக வேலை பார்த்தாள். அந்த ஐந்து வருடத்தை அரசுப் பணிக்காலத்தோடு சேர்த்துக் கணக்கிடும்படி உயிரோடு இருந்தபோதே கேட்டிருந்தாள். முடியாது என்று இப்போது பதில் வந்திருக்கிறது. மேற்படி காலத்தில் மேற்படி பணியிடத்தில் மேற்படியார் பணிபுரியவில்லை.

இதை அச்சடித்தவன் கையில் கிடைத்தால் அவனை மேற்படி இடத்தில் வைத்தே அடிப்பேன் என்று தோன்றியது.

விஷயம் சின்னதுதான். பத்து வருடம் பணி இருந்தால்தான் குடும்ப ஓய்வூதியம். அரசுப் பள்ளியில் அவள் முடித்தது ஏழு. அந்த ஐந்து சேர்ந்தால் பாப்பா வளர்ந்து படித்து முடிக்கும்வரை கவலை இல்லை. சேராவிட்டால் ஏழுக்கு ஒன்றும் கிடையாது. வேலை பார்த்துக்கொண்டே செத்துப்போனதற்கு ஒரு இரங்கல் கடிதம் தருவார்கள். அதிலும் மேற்படியார் என்றுதான் போடுவார்கள்.

வாசலில் பைக் நின்றது. மச்சான் வந்தான்.

மச்சான் என் மனைவியின் தம்பி. நான் நடத்தும் துப்பறியும் நிலையத்தின் ஒரே உதவியாளர். சம்பளம் கேட்க மாட்டான். வாயை மூடவும் மாட்டான். அக்கா போன பிறகு இன்னும் கொஞ்சம் அதிகமாகப் பேசுகிறான்.

“மாமா, மாப்பிள்ளை பையன் எப்படின்னு யாராவது விசாரிக்கச் சொன்னா, அவன் எட்டாங்கிளாஸ்ல யாரைப் பாத்துக் காப்பியடிச்சான்னு வரைக்கும் கண்டுபிடிப்பீங்க. சொந்தப் பொண்டாட்டி கேஸுக்கு ஒரு பேப்பரை முறைச்சுப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கீங்க. அது பயந்து உண்மையைச் சொல்லிடும்னு நினைக்கிறீங்களா?”

“சொல்லிடுச்சு.”

“என்னன்னு?”

கடிதத்தை அவனிடம் நீட்டினேன். “ரெக்கார்டு இல்லைன்னு எழுதலை பாரு. பணிபுரியவில்லைன்னு எழுதியிருக்காங்க.”

“ரெண்டும் நமக்கு நாமம்தானே.”

“இல்ல. தெரியாதுன்னு சொல்றது வேற. அவ அங்க இல்லைன்னு சொல்றது வேற. இவ்வளவு அடிச்சு சொல்றாங்கன்னா, அந்த இடத்துல வேற யாரோ இருந்ததா அவங்க கையில ஏதோ இருக்கு.”

மச்சான் கடிதத்தை மறுபடி படித்தான். அவன் முகத்தில் இருந்த சிரிப்பு போய்விட்டது. போன சிரிப்பை உடனே இழுத்து வந்து ஒட்டிக்கொண்டான்.

“அப்ப எங்கக்கா அஞ்சு வருஷம் யாரோட சேர்லயோ உக்காந்திருந்தாளா?”

“உக்காரலை. நின்னா. டீச்சர் இல்லையா.”

*

பள்ளி ஒரு மரக்கடைக்கும் சைக்கிள் பட்டறைக்கும் நடுவில் இருந்தது. தாளாளரின் அறைக்கு மட்டும் ஏசி. வெள்ளை முடி, வெள்ளைச் சட்டை, வெள்ளைப் பல். பல் அவருடையது இல்லை.

“பாவம். கேள்விப்பட்டேன். நல்ல பொண்ணு போல,” என்றார்.

“போல இல்ல சார். உங்ககிட்ட அஞ்சு வருஷம் வேலை பார்த்தாங்க.”

“நிறைய பேர் வருவாங்க, போவாங்க தம்பி. சும்மா ஒத்தாசைக்குன்னு வருவாங்க. யாரைன்னு ஞாபகம் வெச்சுக்கறது.”

“ரிஜிஸ்டர் எல்லாம்?”

“கரையான் தின்னுடுச்சு.”

மச்சான் அறையைச் சுற்றிப் பார்த்தான். மேஜை, நாற்காலி, அலமாரி எல்லாம் பழைய மரம். பளபளவென்று இருந்தன.

“நல்ல ஒழுக்கமான கரையான் சார். இவ்வளவு மரம் இருந்தும் தொடலை. நேரா ஆபீஸ் ரூமுக்குப் போய், எங்கக்கா இருந்த அஞ்சு வருஷத்தை மட்டும் எடுத்து சாப்பிட்டுட்டுப் போயிருக்கு.”

“தம்பி யாரு?”

“சும்மா ஒத்தாசைக்குன்னு வந்தவன் சார்.”

நான் கேட்டேன். “அப்ப மூணாம் வகுப்புக்கு யார் டீச்சர்?”

தாளாளர் பேனாவை எடுத்தார். வைத்தார். “அதெல்லாம் மண்டல ஆபீஸ்ல கேளுங்க. என்ன இருந்தாலும் அங்கதான் இருக்கு. எனக்கு வேலை இருக்கு.”

வெளியே வந்தோம். வாசலுக்குப் போகும் வழியில் ஒரு நீளமான ஹால். ஓட்டுக் கூரை. ஒரு பாதியில் இரண்டாம் வகுப்பு, மறுபாதியில் மூன்றாம் வகுப்பு. நடுவில் சுவர் இல்லை. தட்டி இல்லை. தரையில் சுண்ணாம்பில் ஒரு கோடு, அவ்வளவுதான்.

இரண்டு வகுப்பு ஒரே கூரைக்கு அடியில் இருந்தால் சந்தைக்கடையாக இருக்க வேண்டும். இல்லை. இரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் மட்டும் பாட்டு ஒன்றைச் சேர்ந்து சொல்லிக்கொண்டிருந்தார்கள். மூன்றாம் வகுப்பு மூச்சு விடாமல் எழுதிக்கொண்டிருந்தது. இரண்டாம் வகுப்பு டீச்சர் கையைத் தூக்கி முஷ்டியை மூடினார். பாட்டு வரியின் பாதியில் நின்றது. இரண்டு விரலைக் காட்டினார். எல்லோரும் பென்சிலை எடுத்தார்கள். அந்தப் பக்கம் மூன்றாம் வகுப்பு டீச்சர் ஒரு விரலைக் காட்டினார். மூன்றாம் வகுப்பு எழுந்து நின்று வாய்ப்பாடு சொல்ல ஆரம்பித்தது.

யாரும் ஒரு வார்த்தை கத்தவில்லை.

“டிராஃபிக் போலீஸ் இவங்ககிட்ட டியூஷன் வரணும்,” என்றான் மச்சான். பிறகு என்னைப் பார்த்தான். “மாமா? என்னாச்சு?”

ஒன்றும் ஆகவில்லை. கல்யாணமான முதல் மாதமே அவள் முஷ்டியை மூடினால் நான் பேச்சை நிறுத்தப் பழகிவிட்டேன். இரண்டு விரல் காட்டினால் கடைக்கு வாங்க வேண்டியதை எழுதிக்கொள்ள வேண்டும். அவளுடைய குறும்பு என்று நினைத்திருந்தேன். அவளுடையது இல்லை. இந்த ஹாலுடையது.

இடைவேளையில் மூன்றாம் வகுப்பு டீச்சர் வெளியே வந்தார். சின்ன வயது. தாளாளர் அறைப் பக்கம் ஒரு கண் வைத்துக்கொண்டே பேசினார்.

“இது எப்பலேர்ந்து டீச்சர்?”

“ஸ்கூல் ஆரம்பிச்ச காலத்துலேர்ந்து சார். நான் வந்து ஆறு மாசம்தான் ஆகுது. முதல் நாள் தெரியாம கத்திப் பாடம் எடுத்துட்டேன். இந்தப் பக்கமும் கேக்கல, அந்தப் பக்கமும் கேக்கல. மறுநாள் எனக்குக் குரலே இல்ல. பக்கத்துக் கிளாஸ் டீச்சர்தான் சொல்லிக் கொடுத்தாங்க. இந்த ஹால்ல யாரும் கத்தறதில்ல சார். கத்தினா ரெண்டு நாள் தாக்குப்பிடிக்க முடியாது.”

“வேற எந்த ஸ்கூல்லயாவது இப்படி உண்டா?”

“சுவர் இருந்தா எதுக்கு சார் இது?”

தாளாளர் அறையின் கண்ணாடி வழியாகப் பார்த்தேன். அவர் போனில் பேசிக்கொண்டிருந்தார். பல் தெரியவில்லை.

*

“இப்ப எனக்குப் புரிஞ்ச வரைக்கும் சொல்றேன்,” என்றான் மச்சான். பைக்கை ஓட்டிக்கொண்டே பின்னால் திரும்பிப் பேசினான்.

“ரோட்டைப் பாத்து சொல்லு.”

“கவர்மென்ட் சம்பளம் கொடுக்கற போஸ்ட் ஒண்ணு. அதுல வீட்டுல உக்காந்து கையெழுத்து போட்ட ஆள் ஒண்ணு. ஹால்ல நின்னு பாடம் எடுத்த ஆள் ஒண்ணு. நின்ன ஆள் எங்கக்கா. உக்காந்த ஆள் யாரு?”

“யாரோ. ஆனா அந்த ஆள் அந்த அஞ்சு வருஷத்தைச் சும்மா வெச்சுக்கிட்டு இருக்க மாட்டாங்க. அதைக் காட்டி எங்கயோ சர்வீஸ்ல சேர்த்திருப்பாங்க. பதவி உயர்வு வாங்கியிருப்பாங்க. அதான் அக்காவோடதை இவங்களால சேர்க்க முடியலை. ஒரே நாற்காலியை ரெண்டு பேர் கணக்குல எழுத முடியாதில்ல.”

“அடப்பாவிகளா. அக்காவோட சர்வீஸ் காணாம போகலை. யாரோ போட்டுக்கிட்டுத் திரியறாங்க.”

“ஆமா.”

“கண்டுபிடிச்சா எப்படி நிரூபிக்கிறது? அவங்ககிட்ட சீலும் கையெழுத்தும் இருக்கும். நம்மகிட்ட என்ன இருக்கு?”

“அந்த ஆளுக்கு விரல் தெரியாது,” என்றேன்.

மச்சான் சிறிது தூரம் பேசாமல் ஓட்டினான். அது அவனுக்குப் பெரிய தூரம்.

*

மண்டல அலுவலகத்தில் பெஞ்சுகள் நிறைய இருந்தன. உட்கார்ந்திருந்தவர்களில் பாதிப் பேர் ஓய்வு பெற்றவர்கள். மீதிப் பேர் இறந்துபோனவர்களின் ஆட்கள். பார்த்தாலே தெரிந்தது. ஓய்வு பெற்றவர்கள் எரிச்சலாக இருந்தார்கள். எங்கள் ஆட்கள் பொறுமையாக இருந்தார்கள். அந்தப் பொறுமையைப் பார்க்க எனக்கு ஆத்திரமாக வந்தது.

எங்களை அலுவலர் உடனே உள்ளே கூப்பிட்டார். நாற்பது வயதுப் பெண்மணி. மென்மையான குரல். மூக்குக் கண்ணாடியைச் சங்கிலியில் மாட்டியிருந்தார். மூலையில் ஒரு பெண் கம்ப்யூட்டரில் தட்டச்சு செய்துகொண்டிருந்தாள். இருபது வயது இருந்தால் அதிகம். கீபோர்டு மழை மாதிரி பெய்துகொண்டிருந்தது.

“உக்காருங்க சார். உங்க மிஸஸ் இதே நாற்காலியிலதான் உக்காந்தாங்க,” என்றார் அலுவலர். “ரெண்டு மூணு தடவை வந்தாங்க. ரொம்ப களைப்பா இருந்தாங்க. நான்தான் தண்ணி கொடுத்தேன்.”

“நன்றி மேடம்.”

“உங்க கஷ்டம் எனக்குப் புரியாம இல்ல. நானும் உதவி பெறும் பள்ளியில இருந்துட்டு வந்தவதான். ஆனா ரூல்னு ஒண்ணு இருக்கே.”

“காலையில அந்த ஸ்கூலுக்குப் போயிட்டு வந்தோம்.”

“தெரியும்,” என்றார். உடனே, “போயிருப்பீங்கன்னு தெரியும்,” என்றார்.

மச்சான் என் காலை மிதித்தான். எனக்கும் கேட்டிருந்தது.

“தாளாளர் நல்ல மனுஷர்,” என்றேன். “ரெக்கார்டு எல்லாம் கரையான் தின்னுடுச்சாம். ஆனா நீங்க உறுதியா எழுதியிருக்கீங்க, என் மனைவி அங்க வேலையே பார்க்கலைன்னு.”

“அந்த இடத்துல முறைப்படி நியமனம் ஆனவங்க இருந்திருக்காங்க சார். பேரைச் சொல்ல எனக்கு அதிகாரம் இல்ல. உங்க மிஸஸ் ஏதாவது தற்காலிகமா உதவிக்கு வந்து போயிருக்கலாம்.”

ஒத்தாசைக்கு. உதவிக்கு. ஒரே வாயில் வந்த சொல் போல இருந்தது. நான் பேச்சை வேறு பக்கம் திருப்பினேன். அலுத்துக்கொள்கிற குரலில் சொன்னேன்.

“இருக்கலாம் மேடம். எனக்கு ஆச்சரியம் என்னன்னா, அந்த ஹால்ல ரெண்டு வகுப்பு. நடுவுல சுவரே இல்ல. யாரா இருந்தாலும் அங்க அஞ்சு வருஷம் எப்படித்தான் பாடம் எடுத்தாங்களோ.”

அலுவலரின் முகம் இளகியது. கஷ்டப்பட்ட கதை சொல்லும் வாய்ப்பை யாரும் விடுவதில்லை.

“அதை ஏன் கேக்கறீங்க. தொண்டை கிழியக் கத்தணும். ரெண்டு கிளாஸ் பிள்ளைங்க போடற சத்தத்துல நம்ம குரல் நமக்கே கேக்காது. சாயந்தரம் வீட்டுக்குப் போனா பேச்சு வராது. எனக்கு அப்ப வந்த தொண்டை வலி, இன்னும் விடலை.”

அறையில் கீபோர்டு சத்தம் மட்டும் கேட்டது.

“எத்தனை வருஷம் மேடம் கத்தினீங்க?” என்று மச்சான் கேட்டான். குரலில் கேலி இல்லை. அவன் அப்படிக் கேட்டு நான் பார்த்ததில்லை.

“அஞ்சு வருஷம். என் சர்வீஸ்லயே இருக்கு. இதுல ஒளிவுமறைவு ஒண்ணும் இல்லையே.”

“எந்த கிளாஸுக்கு?”

அவர் கண்ணாடியைக் கழற்றினார். சங்கிலியில் அது ஆடியது.

நான் கையைத் தூக்கி முஷ்டியை மூடினேன்.

கீபோர்டு நின்றது.

பிறகு இரண்டு விரலைக் காட்டினேன். அலுவலர் அதைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். சிரிக்க முயன்றார். “என்ன சார், ரெண்டு டீ சொல்லணுமா?”

மூலையில் இருந்த பெண் பேனாவை எடுத்து, ஒரு காகிதத்தை இழுத்து முன்னால் வைத்துக்கொண்டு, நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். நாங்கள் மூன்று பேரும் திரும்பிப் பார்த்ததும் பேனாவைக் கீழே போட்டாள்.

“ஸாரி சார். என்னமோ கை அதுவாப் போயிடுச்சு,” என்று வெட்கப்பட்டாள். “இது எங்க ஸ்கூல் சிக்னல். உங்களுக்கு எப்படி சார் தெரியும்?”

“யார் சொல்லிக் கொடுத்தாங்கம்மா உனக்கு?”

“எங்க மூணாம் கிளாஸ் டீச்சர். இடது கையால போர்டுல எழுதுவாங்க. எங்கள்ல பாதிப் பேர் அவங்களைப் பாத்து இடது கையால எழுதப் போயி வீட்டுல அடி வாங்கினோம்.” சிரித்தாள். “எனக்கு ஒன்பதாம் வாய்ப்பாடு வரவே வராது சார். எல்லாரும் முடிச்சுட்டு என்னையே பாப்பாங்க. டீச்சர் மூணு விரல் காட்டுவாங்க. மூணு விரல்னா, யோசி, அவசரமில்ல. எனக்கு மட்டும்தான் காட்டுவாங்க.”

அந்த இடது கை எனக்குத் தெரியும். மூன்று விரல் தெரியாது. எங்கள் வீட்டில் அது இல்லை. பத்து வருடம் கூட இருந்தவன், இப்போது ஒரு அலுவலகத்தில் முன்பின் தெரியாத பெண்ணிடம் அதைக் கற்றுக்கொண்டேன்.

“சார் டீச்சருக்கு என்ன வேணும்?”

“வீட்டுக்காரர்.”

அவள் எழுந்து நின்றாள். “அப்படியா சார். டீச்சர் எப்படி இருக்காங்க?”

மச்சான் தரையைப் பார்த்தான்.

“இறந்துட்டாங்கம்மா. நாலு மாசம் ஆகுது.”

அவள் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டாள். பிறகு அலுவலரைப் பார்த்துக் கேட்டாள். அதில் விஷம் எதுவும் இல்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டாள்.

“மேடம், நீங்க எங்க ஸ்கூல்ல இருந்தீங்களா? நான் ஒண்ணாம் கிளாஸ்லேர்ந்து அஞ்சாம் கிளாஸ் வரைக்கும் அங்கதான் படிச்சேன். உங்களைப் பாத்ததே இல்லையே. எப்ப இருந்தீங்க?”

“நீ வேலையைப் பாரும்மா.”

“இல்ல மேடம். எப்பன்னு...”

“உக்காருன்னு சொன்னேன்ல.”

அவள் உட்காரவில்லை. தற்காலிக வேலையில் இருக்கிற பெண். கழுத்து அட்டையிலேயே அப்படி எழுதியிருந்தது.

அலுவலர் தண்ணீர் குடித்தார். “நான் ஒண்ணும் திருடலை,” என்றார். “கல்யாணம் ஆன புதுசு. மாமனார் ஸ்கூல். மாசத்துக்கு ஒரு நாள் கார்ல கூட்டிட்டுப் போவாங்க. கையெழுத்து போடும்மான்னு சொன்னா போடுவேன். புது மருமக, மாட்டேன்னு சொல்ல முடியுமா? அதுக்கப்புறம் இந்த வேலை கிடைச்சது. பழைய சர்வீஸ் இருக்கேன்னு சேர்த்தாங்க. எல்லாம் ரூல்படிதான்.”

“தாளாளர் உங்க மாமனார்.”

“அதுல என்ன?”

“அவ ஒரு நாள் விடாம அந்த ஹால்ல நின்னுருக்கா. அந்த அஞ்சு வருஷத்தைச் சேர்த்துக் கொடுங்கன்னு உங்ககிட்டயே வந்து மனு கொடுத்திருக்கா. நீங்க எதிர்ல உக்காந்து கேட்டிருக்கீங்க. தண்ணி கொடுத்திருக்கீங்க. யாரோட வருஷம்னு உங்களுக்குத் தெரியும். தெரிஞ்சும் மறுபடி வாங்கன்னு அனுப்பியிருக்கீங்க. உடம்பு முடியாதவளை பஸ் ஏறி இறங்க வெச்சிருக்கீங்க. செத்த பிறகு, அவ அங்க இல்லவே இல்லைன்னு எழுதி வீட்டுக்கு அனுப்பியிருக்கீங்க.”

“சார், கத்தாதீங்க. வெளியில ஆள் இருக்காங்க.”

“நான் கத்தலை மேடம். அந்த ஹால்ல யாரும் கத்தறதில்ல. அங்க வேலை பாத்தவங்களுக்கு அது தெரியும்.”

மச்சான் எழுந்துபோய்க் கதவைத் திறந்து வைத்துவிட்டு வந்தான். பெஞ்சில் இருந்தவர்கள் எட்டிப் பார்த்தார்கள்.

அலுவலர் குரலைத் தணித்தார். அந்தக் குரல் மறுபடி மென்மையாகிவிட்டது. அதுதான் எனக்கு மிகவும் கசந்தது.

“சார், உங்களுக்கு வேண்டியது பாப்பாவுக்கு ஓய்வூதியம். அதுதானே? உதவி ஆசிரியைன்னு கூடுதலா ஒரு இடம் இருந்ததா காட்டிடலாம். மாமனார் லெட்டர் கொடுப்பார். உங்க மிஸஸ் அஞ்சு வருஷம் அதுல இருந்ததா ஆயிடும். நான் இந்த ஆர்டரை மாத்திடறேன். ஒரு வாரத்துல முடிஞ்சுடும். யாருக்கும் நஷ்டம் இல்ல.”

மச்சான் என்னைப் பார்த்தான். அவன் என்ன நினைத்தான் என்று தெரியும். வீட்டு வாடகை. பாப்பாவின் ஸ்கூல். அத்தையின் மருந்து. மேலே புகார் கொடுத்தால் வருடக்கணக்கில் இழுக்கலாம். தோற்கவும் செய்யலாம்.

“மூணாம் கிளாஸுக்கு டீச்சர் யாரு மேடம்?” என்று கேட்டேன்.

“அதான் சொல்றேனே சார், ஏதோ ஒரு இடத்துல...”

“ஏதோ ஒரு இடம் இல்ல. அவ நின்ன இடம். அந்த இடத்துலேர்ந்து நீங்க எழுந்துக்கணும்.”

அவர் எழுந்துகொள்ளவில்லை. நாங்கள் எழுந்தோம்.

“மாடியில மேலதிகாரி இருக்கார்,” என்றாள் தட்டச்சுப் பெண். கைப்பையைத் தோளில் மாட்டியிருந்தாள். “நானும் வரேன் சார். எங்க கிளாஸ் பசங்க வாட்ஸ்அப் குரூப் ஒண்ணு இருக்கு. போட்டுட்டேன்.”

“உன் வேலை போயிடும்மா,” என்றான் மச்சான்.

“ரெண்டு மாசம்தான் அண்ணா ஆகுது சேர்ந்து. இன்னும் சம்பளமே வரலை. போனா என்ன போகுது.”

“நம்ம ஆளு மாமா,” என்றான் என்னிடம்.

*

மேலதிகாரி முதலில் எங்களை உட்காரச் சொல்லவில்லை. மனுவை எழுதிக் கொடுத்துவிட்டுப் போங்கள் என்றார். பெட்டியில் போடுங்கள் என்றார். ஒரு அலுவலர் மேல் வாய்க்கு வந்ததைச் சொல்லக் கூடாது என்றார். விரலைக் காட்டினார்களாம், நின்றதாம், என்ன சார் இது சின்னப்பிள்ளை விளையாட்டு என்றார். நான் நின்றுகொண்டே இருந்தேன். போகச் சொல்லிச் சொல்லிக் களைத்துக் கோப்பு ஒன்றை இழுத்து வைத்துக்கொண்டார். நாங்கள் அறையில் இல்லை என்பது போல வேலை பார்த்தார்.

தட்டச்சுப் பெண்ணின் போன் அவள் உள்ளங்கையில் அதிர்ந்துகொண்டே இருந்தது.

மதியம் தாண்டியது. உணவு இடைவேளைக்குக் கிளம்பியவர் கதவைத் திறந்தார். திறந்தபடி நின்றுவிட்டார்.

நடைபாதை நிறைய ஆட்கள். எல்லோருக்கும் பத்தொன்பது, இருபது வயது. ஒருவன் கையில் கிரீஸோடு பட்டறையிலிருந்து நேராக வந்திருந்தான். நர்சிங் மாணவி ஒருத்தி சீருடையில் இருந்தாள். தோளில் டெலிவரிப் பையோடு ஒருவன். இடுப்பில் குழந்தையோடு ஒருத்தி. கல்லூரிப் பிள்ளைகள். சுவரோரம் இரண்டு வரிசையாக நின்றிருந்தார்கள். நடக்க வழி விட்டிருந்தார்கள்.

“என்ன இது, சத்தம் போடாம...” என்று ஆரம்பித்தவர் நிறுத்திவிட்டார். அங்கே யாரும் சத்தம் போடவில்லை. குழந்தைகூட.

“யார் நீங்கல்லாம்?”

கிரீஸ் கைக்காரன் சொன்னான். “மூணாம் கிளாஸ் சார்.”

மேலதிகாரி திரும்பி என்னைப் பார்த்தார். உள்ளே போய் உட்கார்ந்தார். எங்களையும் உட்காரச் சொன்னார். கீழே போன் செய்து அலுவலரின் பணிக் கோப்பைக் கொண்டுவரச் சொன்னார். ஒவ்வொருவராக உள்ளே கூப்பிட்டுக் கேட்டார். மூணாம் வகுப்பு டீச்சர் யார்? எந்தக் கையால் எழுதுவார்? கத்துவாரா? வெளியே நின்றவர்களுக்கு உள்ளே என்ன கேட்கிறார்கள் என்று தெரியாது. உள்ளே வந்தவர்கள் எல்லோரும் ஒரே பதிலைச் சொன்னார்கள். பிறகு அலுவலர் வரவழைக்கப்பட்டார். அவரிடம் ஒரு கேள்விதான் கேட்கப்பட்டது. உங்களிடம் படித்த ஒரே ஒரு பிள்ளையின் பெயரைச் சொல்லுங்கள்.

அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

சாயங்காலம் எனக்கு ஒரு காகிதம் கிடைத்தது. முந்தைய கடிதம் ரத்து. பணிக்காலம் விசாரணைக்குப் பின் சேர்க்கப்படும். அலுவலர் இருக்கையிலிருந்து விடுவிக்கப்படுகிறார். தாளாளருக்கு நோட்டீஸ். இது முடிவு இல்லை. தாளாளருக்கு வக்கீல் இருப்பார். கரையானுக்கும் ஒரு வக்கீல் வைப்பார். ஆனால் இனிமேல் அவள் அங்கே இல்லை என்று எவனும் எழுத முடியாது.

பிள்ளைகள் படியில் இறங்கிப் போனார்கள். தெருவுக்குப் போன பிறகுதான் பேச ஆரம்பித்தார்கள். ஒரே கூச்சல்.

மச்சான் பைக்கில் ஏறினான். சாவியைப் போட்டான். திருகவில்லை.

“மாமா, ஒண்ணு கேக்கவா? அம்மா தினமும் எல்லார்கிட்டயும் சொல்லிட்டு இருக்கா. அக்கா கடைசியா பாப்பாவைத்தான் கேட்டாளாம். நீங்க சொன்னீங்களாம்.”

“ம்.”

“நிஜமா?”

“வண்டியை எடு.”

எடுத்தான். அதற்கு மேல் கேட்கவில்லை.

அத்தைக்கு ஏதாவது சொல்ல வேண்டியிருந்தது. அதைச் சொன்னேன். ஆஸ்பத்திரியில் ஸ்ட்ரெச்சரை உள்ளே தள்ளிக்கொண்டு போகும்போது அவள் என் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். நர்ஸ் கதவைப் பிடித்துக்கொண்டு காத்திருந்தாள். நான் குனிந்தேன். அவள் உண்மையில் கடைசியாகச் சொன்னது இது:

“சர்வீஸ் விஷயமா அந்த மேடத்தை ஒரு தடவை நேர்ல போய்ப் பாருங்க. நல்லவங்களாத் தெரியறாங்க. நமக்குப் பண்ணிக் கொடுப்பாங்க.”